கல்யாண வீடியோ வெட்டும் கை சினிமாவுக்கு ஆகுமா?

வாசகி கேள்வி: எனக்கு 23 வயது. தமிழ் மீடியத்தில் படித்து பி.காம். முடித்தேன். மாமாவின் ஸ்டுடியோவில் நான்கு வருடமாகக் கல்யாண வீடியோக்களை எடிட் செய்கிறேன். பிரீமியர் என்ற எடிட்டிங் மென்பொருள் நன்றாகவே தெரியும். சினிமாவிலோ சீரியலிலோ எடிட்டர் ஆக வேண்டும் என்று ஆசை. கோவையில் ஒரு சென்டரில் ஆறு மாத எடிட்டிங் கோர்ஸுக்கு 1,20,000 ரூபாய் கேட்கிறார்கள். சேரலாமா? போவது சென்னைக்கா, கொச்சிக்கா? மலையாளம் பேசுவேன், படிக்கத் தடுமாறும். அப்பா அரசு வேலைக்கான பி.எஸ்.சி. தேர்வு எழுதச் சொல்கிறார். ராத்திரி பகலாக எடிட்டிங் ரூமில் உட்கார வேண்டும் என்கிறார்களே, பெண்களுக்கு அது சரிப்படுமா?

— கொழிஞ்சாம்பாறை, பாலக்காடு மாவட்டம்

அம்மிணி, (அப்படிக் கூப்பிடலாம் இல்லையா? நான் வேலந்தாவளத்துக்காரன். மாநில எல்லைச் செக்போஸ்ட்டுக்கு இந்தப் பக்கம் வீடு, அந்தப் பக்கம் தோட்டம்.) பணம் போகிற விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம். அந்த 1,20,000 ரூபாயைக் கட்டாதீர்கள்.

ஆறு மாதத்தில் அங்கே சொல்லித் தரப்போவது பெரும்பாலும் மென்பொருளில் எந்த பட்டன் எங்கே இருக்கிறது என்பதுதான். அது உங்களுக்குத் தெரிந்த கதை. பெரிய படங்களில் அவிட் என்ற மென்பொருள் ஓடுகிறதே, அது தெரியாதே என்று பயமாக இருக்கலாம். ஒரு மென்பொருளில் நான்கு வருடம் பழகிய கைக்கு இன்னொன்று இரண்டு வாரத்தில் வந்துவிடும். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளை இலவசமாகவே இறக்கிக்கொள்ளலாம், வீட்டிலேயே பழகலாம்.

படித்தே ஆக வேண்டும் என்று தோன்றினால் முறையாகப் படியுங்கள். உங்கள் மாநிலத்திலேயே, கோட்டயம் பக்கம் தெக்கும்தலையில் கே.ஆர். நாராயணன் பெயரில் அரசுத் திரைப்படக் கல்லூரி இருக்கிறது; அங்கே எடிட்டிங்குக்குத் தனிப் பிரிவு உண்டு. புனே ஃபிலிம் இன்ஸ்டிடியூட்டிலும் கல்கத்தா சத்யஜித் ராய் இன்ஸ்டிடியூட்டிலும் பட்டம் முடித்தவர்களுக்கு மூன்று வருடப் படிப்பு. நுழைவுத் தேர்வு கடினம், இடம் குறைவு. அந்த மூன்று வருடத்தில் படம் பார்க்கவும், பார்த்ததைப் பேசவும், எடுத்ததை வெட்டவும், வெட்டியதைக் குப்பையில் போட்டு மறுபடி வெட்டவும் நேரம் கிடைக்கும். சென்டர் கோர்ஸ் தராதது அந்த நேரம்தான்.

சரி, கல்யாண வீடியோவுக்கும் சினிமாவுக்கும் என்ன தூரம்? கல்யாண வீடியோவில் வரிசை ஏற்கெனவே இருக்கிறது. பெண் அழைப்பு, முகூர்த்தம், பந்தி, போட்டோ. அந்த வரிசையை நீங்கள் மாற்றினால் மாமா திட்டுவார். வெட்டு கொஞ்சம் இடறினாலும் மேலே பாட்டு ஓடுகிறது, மறைத்துவிடும். சினிமாவில் பாட்டு இல்லாத இரண்டு மணி நேரத்துக்கு அந்த மறைவு கிடையாது. இரண்டு பேர் உட்கார்ந்து பேசுகிறார்கள். யார் முகத்தை எப்போது காட்டுவது, எவ்வளவு நேரம் காட்டுவது? உங்கள் வேலை அவ்வளவுதான்.

அந்த ‘எவ்வளவு நேரம்’ பற்றி ஒன்று சொல்கிறேன். 1993-இல் கோடம்பாக்கத்தில் நான் அசிஸ்டென்ட்டாகச் சேர்ந்தபோது பிலிமைக் கையால்தான் வெட்டினோம். 35 எம்.எம். பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனித்தனிப் படம். செகண்டுக்கு 24 ஃபிரேம் ஓடும். கணக்குப் போட்டால் ஒரு செகண்ட் என்பது ஒன்றரை அடி. அதாவது ஒரு முழம். எங்கள் எடிட்டர், பூக்காரம்மா மல்லிகையை அளப்பது போலப் பிலிமைக் கையில் இழுத்துப் பிடித்து, “இந்த முகத்துக்கு முக்கால் முழம் போதும்டா” என்பார். வெட்டி, டேப் போட்டு ஒட்டி, ஸ்டீன்பெக்கில் (பிலிமை ஓட்டிப் பார்க்கிற எடிட்டிங் மேஜை) ஓட்டினால் சரியாக இருக்கும். நேரம் அவருக்கு முழங்கையில் இருந்தது. நமக்கெல்லாம் இப்போது அது திரையின் மூலையில் எண்ணாக ஓடுகிறது.

அந்த அறையில் ஒரு நாள் ஆறு ஃபிரேம் துண்டு ஒன்று காணாமல் போனது. ஆறு ஃபிரேம் என்றால் கால் செகண்ட், நீளத்தில் நாலரை அங்குலம். ஓர் அம்மா பாத்திரம் கண்ணை மூடித் திறக்கிற கால் செகண்ட் அது. முந்தின நாள் வேண்டாம் என்று வெட்டி எறிந்ததும் எடிட்டர்தான், மறுநாள் வேண்டும் என்று கேட்டதும் அவர்தான். வெட்டிய துண்டுகளுக்கு நம்பர் எழுதிக் கொக்கியில் மாட்டி வைப்பது என் வேலை. துணி விரித்த தொட்டியில் நூற்றுக்கணக்கான துண்டுகள் தொங்கின. ஒவ்வொன்றாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். தரையைக் கூட்டிப் பார்த்தேன், குப்பைக் கூடையைக் கவிழ்த்துப் பார்த்தேன். ராத்திரி இரண்டு மணிக்கு அது என் சட்டைப் பையில் கிடைத்தது, திருநீற்றுப் பொட்டலத்தோடு. டீ வந்த அவசரத்தில் கொக்கியில் மாட்டாமல் பையில் போட்டிருக்கிறேன்! எடிட்டர் ஒன்றும் சொல்லவில்லை. அது திட்டு வாங்குவதைவிட மோசம்.

ஆனால் அதை ஒட்டி ஓட்டினபோதுதான் எனக்கு இந்தத் தொழில் என்னவென்று புரிந்தது. அந்தக் கால் செகண்ட் இல்லாதபோது மகன் சொன்னதைக் கேட்டு அந்த அம்மா கோபப்படுவதாகத் தெரிந்தது. கண்ணை மூடித் திறந்தபின் அவள் பயப்படுகிறாள் என்று தெரிந்தது. நடித்தது அதே நடிகை, அதே டேக்.

அப்புறம், உங்களிடம் என்ன இருக்கிறது என்று பார்ப்போம். மலையாளம் படிக்கத் தடுமாறும் என்று குறையாக எழுதியிருக்கிறீர்கள். நான் அதைத் திருப்பிப் பார்க்கிறேன்: இரண்டு மொழியைக் காதால் கேட்டு வளர்ந்தவர் நீங்கள். எடிட்டருக்குக் கண்ணைவிடக் காது முக்கியம் என்பது என் கட்சி.

ஒரு வரி எடுத்துக்கொள்ளுங்கள். “அந்தப் பணத்தை நான் எடுக்க…” இந்த இடம் வரைக்கும் எதிரே நிற்பவனுக்கு ஒரு சேதியும் இல்லை. “எடுக்கல” என்று முடியலாம், “எடுக்கப் போறேன்” என்று முடியலாம். நம் மொழியில் குட்டு உடைவது கடைசி அசையில். மலையாளத்திலும் அப்படித்தான்: “ஆ பணம் ஞான் எடுத்தில்ல.” ஆகவே ‘பணத்தை’ என்ற சொல்லிலேயே கேட்பவன் முகத்துக்கு நீங்கள் வெட்டினால், அவன் காத்திருப்பதை நாம் பார்க்கிறோம். ‘எடுக்கல’ முழுதாக முடிந்து நான்கைந்து ஃபிரேம் கழித்து வெட்டினால், அவன் நம்புகிறானா இல்லையா என்பதைப் பார்க்கிறோம். வெட்டாமல் பேசுகிறவன் மேலேயே நின்றால், சொன்ன பிறகு அவன் எச்சில் விழுங்குவதைப் பார்க்கிறோம். மூன்றும் மூன்று கதை. வசனத்தைத் தாளில் மொழிபெயர்த்து வைத்துக்கொண்டு வெட்டுகிறவர்களுக்கு இந்த இடம் அடிக்கடி தப்பும். சொல் எங்கே முடிகிறது என்று அவர்கள் காதுக்குத் தெரியாது. உங்களுக்கு அது டீக்கடையில் உட்கார்ந்தே வந்த ஞானம்.

கொச்சியில் ஒரு முறை சென்னையிலிருந்து வந்த அசிஸ்டென்ட் ஒருவர், பாத்திரம் “வெள்ளம் வேணம்” என்று கேட்கிற ஷாட்டை ‘மழைக் காட்சி’ ஃபோல்டரில் போட்டுவிட்டார். பாவம், அந்த ஆள் தண்ணீர் கேட்டார். அரை நாள் தேடினோம். கொழிஞ்சாம்பாறையில் பிறந்தவர் யாரும் அந்தத் தப்பைச் செய்யமாட்டார்.

ஆனால் படிக்கவும் வேண்டும். சீன் பேப்பர், ஷாட்டுக்கு ஷாட் எழுதி வைக்கிற கன்டினியூட்டி ரிப்போர்ட் எல்லாம் மலையாள எழுத்தில் கையால் கிறுக்கியிருக்கும். பேசத் தெரிந்தவருக்கு எழுத்து இரண்டு மாதத்தில் வரும். தினம் காலையில் மலையாளப் பேப்பரில் ஒரு பத்தியைச் சத்தமாகப் படியுங்கள். பஸ் போர்டில் ஆரம்பித்தால்கூடச் சரி.

இனி உள்ளே நுழைகிற வழி. யாரும் உங்களை எடுத்த எடுப்பில் எடிட்டராக உட்கார வைக்கமாட்டார்கள். அசிஸ்டென்ட், ஸ்பாட் எடிட்டர், அசோசியேட், அப்புறம்தான் எடிட்டர். எத்தனை வருடம் ஆகும் என்று கேட்காதீர்கள், ஆளுக்கு ஆள் மாறும்.

அசிஸ்டென்ட் வேலை வெளியிலிருந்து பார்த்தால் குமாஸ்தா வேலைதான். கேமரா கார்டு வரும். அதை இரண்டு டிஸ்க்கில் காப்பி எடுத்து, கோப்பு முழுதாக வந்திருக்கிறதா என்று சரிபார்த்த பிறகே கார்டைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். எடிட் செய்ய லேசான நகல் (பிராக்ஸி) தயார் செய்ய வேண்டும். கிளாப் விழும் ஃபிரேமையும் ‘டக்’ என்ற சத்தத்தையும் பொருத்தி ஒலியைச் சிங்க் செய்ய வேண்டும். இப்போது மென்பொருளே ஒலி அலையைப் பார்த்துப் பொருத்திவிடும் என்றாலும், கிளாப் அடிக்காமல் விட்ட ஷாட்டும், கடைசியில் தலைகீழாகப் பிடித்து அடித்த ஷாட்டும் தினம் நாலு வரும். சீன் நம்பர், ஷாட், டேக் என்று பெயர் போட்டு அடுக்க வேண்டும். பட்டியலாகக் கேட்டால் சலிப்பாக இருக்கும். ஆனால் படத்தின் எல்லா டேக்கையும், கெட்டுப்போன டேக் உட்பட, ஒன்று விடாமல் பார்க்கிற வாய்ப்பு அசிஸ்டென்ட்டுக்குக் கிடைக்கும். ஏழாவது டேக்கை ஏன் எடிட்டர் எடுத்தார், மூன்றாவதை ஏன் விட்டார் என்று உங்களுக்கே ஒரு கருத்து வர ஆரம்பிக்கும். அந்தக் கருத்தை ஆறு மாதம் வெளியே சொல்லாமல் வைத்துக்கொள்ளுங்கள்.

ஸ்பாட் எடிட்டர் வேலை உங்களுக்கு ஏற்றது என்று தோன்றுகிறது. படப்பிடிப்பு நடக்கிற இடத்திலேயே லேப்டாப்போடு உட்கார்ந்து, காலையில் எடுத்த ஷாட்டுகளைச் சாப்பாட்டு இடைவேளைக்குள் கோத்துக் காட்டுவது. எந்த ஷாட் குறைகிறது, எந்தப் பார்வை இடம் மாறிவிட்டது என்று டைரக்டர் அங்கேயே பார்த்துத் திரும்ப எடுத்துக்கொள்வார். கல்யாண மண்டபத்திலேயே ஹைலைட்ஸ் வெட்டி ரிசப்ஷனில் ஓட்டுகிறீர்களே, அந்த வேகம் இங்கே அப்படியே பயன்படும். பொள்ளாச்சி உங்களுக்கு ஒரு பஸ் தூரம். அங்கே ஷூட்டிங் இல்லாத மாதம் அபூர்வம். வேடிக்கை பார்க்கிற கூட்டத்தோடு நிற்காமல், ஸ்பாட் எடிட்டர் எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்று கேட்டுப் போய்ப் பேசுங்கள். டிஸ்க் தூக்குகிற ஆளாகவாவது நாலு நாள் நில்லுங்கள்.

சீரியலா? போகலாம், இரண்டு வருடம் போகலாம். அரை மணி நேர ஸ்லாட்டில் விளம்பரம் போக இருபது நிமிடத்துக்குக் கொஞ்சம் மேலே வெட்ட வேண்டும், வாரத்துக்கு ஐந்தாறு எபிசோட். வேறெங்கும் வராத வேகம் கைக்கு வரும். எட்டு மணிக்கு ஒளிபரப்பு, ஆறு மணிக்கு ஒரு ஷாட் காணோம் என்றால் என்ன செய்வது என்று பழகிவிடும். ஆனால் ஒருவர் ஒன்று சொன்னால் சுற்றி நிற்கிற ஏழு பேர் முகத்துக்கும் போய் வருகிற பழக்கம் கையில் ஒட்டிக்கொண்டால், அதைக் கழற்றுவது கஷ்டம். நியூஸ் சேனல் வேலை மாதச் சம்பளம் தரும். அங்கே கதை சொல்லக் கற்கமாட்டீர்கள்; காலக்கெடுவைக் கற்பீர்கள்.

சென்னையா, கொச்சியா என்று கேட்டால், என் வாக்கு முதலில் கொச்சிக்கு. பாலக்காட்டிலிருந்து மூன்று மணி நேர ரயில். ஞாயிற்றுக்கிழமை வீட்டுச் சோறு சாப்பிடலாம். மலையாள யூனிட்டுகள் சின்னவை, எடிட்டருக்குப் பக்கத்திலேயே நாற்காலி கிடைக்கும். படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவு செய்கிற சிங்க் சவுண்ட் அங்கே நிறைய வந்துவிட்டது. நடிகர் அந்த இடத்தில் விட்ட மூச்சோடு சேர்த்து வெட்டக் கற்பீர்கள். சென்னையில் தமிழ்ப் படங்கள் இன்னும் பெரும்பாலும் டப்பிங்தான். அங்கே பட எண்ணிக்கை அதிகம், சீரியல் அதிகம், வாடகையும் அதிகம். ஒரு மொழியோடு நின்றுவிட வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஸ்ரீகர் பிரசாத்தைப் பாருங்கள். தெலுங்குக் குடும்பம், எடிட்டரான அப்பாவின் அறையில் தொழில் கற்றவர். தமிழ், மலையாளம், தெலுங்கு, இந்தி என்று எல்லாப் பக்கமும் வெட்டி, தேசிய விருதுகளை அடுக்கி வைத்திருக்கிறார். எல்லையில் பிறந்த நமக்கு அவரிடம் ஒரு சொந்தம் உண்டு என்று நான் நினைத்துக்கொள்வேன்.

முதல் வருடம் பணத்தை எதிர்பார்க்காதீர்கள். பேட்டாவும் சாப்பாடும் கிடைத்தால் அது நல்ல எடிட்டிங் அறை. அதனால்தான் மாமாவின் ஸ்டுடியோவை அடியோடு விடாதீர்கள் என்கிறேன். முகூர்த்த மாதங்களில் வந்து நாலு கல்யாணம் வெட்டிக் கொடுத்துவிட்டுப் போங்கள், கொச்சி ஹாஸ்டல் வாடகை அதில் வரும்.

ராத்திரி வேலை பற்றிக் கேட்டது சரியான கேள்வி. ரிலீஸ் தேதி நெருங்கினால் ராத்திரி உண்டு, இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் பெண்ணுக்கு ஆகாத வேலை என்று யார் சொன்னாலும் நம்பாதீர்கள். பீனா பால் புனேயில் எடிட்டிங் படித்துவிட்டு எண்பதுகளிலேயே மலையாளப் படங்களை வெட்டியவர். பிறகு பல வருடம் கேரளத் திரைப்பட விழாவின் கலை இயக்குநராகவும் இருந்தார். 2017-இல் சினிமாப் பெண்கள் சேர்ந்து தொடங்கிய அமைப்பிலும் அவர் உண்டு. மலையாள சினிமாவில் பெண்களின் நிலையை ஆராய அந்த வருடம் கேரள அரசு அமைத்த ஹேமா கமிட்டியின் அறிக்கை 2024 ஆகஸ்டில் வெளியே வந்தது. படப்பிடிப்பு இடங்களில் பெண்களுக்குக் கழிப்பறை, உடை மாற்ற இடம்கூட இல்லை என்பதும் அதில் இருக்கிறது. ஆகவே வெட்கப்படாமல் சேருவதற்கு முன்பே கேளுங்கள்: ராத்திரி எத்தனை பேர் இருப்பார்கள், இன்னொரு பெண் இருக்கிறாரா, பாத்ரூம் எங்கே, லேட்டானால் வண்டி யார் ஏற்பாடு, புகார் என்றால் யாரிடம் சொல்வது. இதைக் கேட்டதற்கே முகம் சுளிக்கிற அறை என்றால், அங்கிருந்து வெளியே வந்து அடுத்த பஸ்ஸைப் பிடியுங்கள். நல்ல அறைகளும் இருக்கின்றன. என் மூன்று அசிஸ்டென்ட்டுகளில் இரண்டு பேர் பெண்கள். ஒன்பது மணிக்கு மேல் என்றால் அவர்கள் சொல்லித்தான் நான் வேலையை நிறுத்துகிறேன்.

அப்பாவோடு சண்டை வேண்டாம். பி.எஸ்.சி. எழுதுங்கள், அதற்கு ஹால் டிக்கெட்தானே வேண்டும். இரண்டு வருடம் கேட்டு வாங்குங்கள். முதல் படத்தில் உங்கள் பெயர் அசிஸ்டென்ட் வரிசையில் வரும்போது, தியேட்டரில் முதலில் எழுந்து நிற்கப் போகிறவர் அவராகத்தான் இருக்கும். என் அப்பா அப்படித்தான் எழுந்தார். பின்னாலிருந்தவர் உட்காரச் சொல்லி அதட்டினார்.

கடைசியாக ஒரு வேலை தருகிறேன். எடிட்டர்களிடம் போகும்போது கல்யாண ஹைலைட்ஸைக் காட்டாதீர்கள். பாட்டுக்கு வெட்டியதை வைத்து யாரும் உங்களை எடைபோட முடியாது. மாமாவின் அலமாரியில் நான்கு வருட ஒரிஜினல் ஃபுட்டேஜ் இருக்குமே, அதில் ஒரு கல்யாணத்தை எடுங்கள். ஆல்பத்துக்குப் போகாத கிளிப்புகளை மட்டும் பாருங்கள். கேமராவை நிறுத்த மறந்த நேரம், லைட் மாற்றும்போது ஓடிக்கொண்டிருந்த நேரம். அதில் எங்கேயாவது பெண்ணின் அப்பா இருப்பார். பந்தி ஓரத்தில் வாளியைப் பார்த்துக்கொண்டு நிற்பார், யாரிடமோ பணம் எண்ணிக் கொடுப்பார், தாலி கட்டுகிற நேரத்தில் அவர் மட்டும் வேறு பக்கம் பார்ப்பார். அவரை மட்டும் வைத்து நான்கு நிமிடம் வெட்டுங்கள். பாட்டு கூடாது, ஸ்லோ மோஷன் கூடாது. மண்டபத்தில் பதிவான சத்தம் மட்டும். அந்தக் குடும்பத்திடம் கேட்டு அனுமதி வாங்கிக்கொள்ளுங்கள், அது முக்கியம். பிறகு அந்த அப்பாவையே கூப்பிட்டுப் போட்டுக் காட்டுங்கள். அவர் எந்த இடத்தில் அசைகிறார் என்று மட்டும் கவனியுங்கள், திரையைப் பார்க்க வேண்டாம்.

அதைத் திருத்தி இந்தப் பத்திரிகை முகவரிக்கு அனுப்புங்கள், நான் பார்க்கிறேன். கொச்சியில் இரண்டு எடிட்டர்களிடம் கொடுத்தும் விடுகிறேன். ஆனால் இன்றைக்கே ஒன்று செய்யுங்கள்: அடுத்த சீசனுக்கு இடம் வேண்டும் என்று மாமா அந்த ஹார்ட் டிஸ்க்குகளை ஃபார்மட் செய்வதற்குள் போய் இரண்டை எடுத்து ஒளித்து வையுங்கள்.